டவேராவில் ஒட்டியிருந்த பெயர்

கல்யாணத்துக்கும் திருப்பதிக்கும் செவர்லே டவேராவில் நெருக்கியடித்து உட்கார்ந்து போனவர்கள் நாம். செவர்லே என்ற அந்தப் பெயர் ஒரு மனிதருடையது என்பதே இந்தியானாபொலிஸுக்குக் குடிவந்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது. அவரும் பிழைப்புக்காகக் கடல் கடந்து வந்தவர்.

லூயி செவர்லே 1878இல் சுவிட்சர்லாந்தில் ஒரு கடிகாரத் தொழிலாளியின் மகனாகப் பிறந்தார். பிரான்ஸில் சைக்கிள் பழுதுபார்த்தார், சைக்கிள் பந்தயமும் ஓட்டினார். 1900இல் கனடாவின் மான்ட்ரியல், அங்கிருந்து நியூயார்க். அங்கே மோரிஸ் பார்க் மைதானத்தில் 1905 மே மாதம் ஃபியட் காரில் ஒரு மைலை 52.8 விநாடியில் கடந்து பெயர் வாங்கினார். அண்ணன் வந்த வழியே தம்பிகள் ஆர்தரும் காஸ்டனும் வந்து சேர்ந்தார்கள். நம் குடும்பங்களிலும் அப்படித்தானே நடக்கிறது.

பந்தயத்தில் கிடைத்த அந்தப் புகழுக்காகவே வில்லியம் டுரான்ட் 1911இல் டெட்ராய்ட்டில் தொடங்கிய கம்பெனிக்கு இவர் பெயரைச் சூட்டினார். முதல் காரான கிளாசிக் சிக்ஸின் விலை 2,150 டாலர். ஃபோர்டின் மாடல் டி கிட்டத்தட்ட அதில் மூன்றில் ஒரு பங்குக்குக் கிடைத்தது. டுரான்ட் மலிவான கார் கேட்டார். லூயி உயர்தரக் காரை விட்டுக்கொடுக்கவில்லை. ஒத்துப்போகாமல் லூயி வெளியேறினார், பெயர் கம்பெனியிடமே தங்கிவிட்டது. வியாபாரக் கணக்கில் டுரான்ட் சொன்னதுதான் சரி. ஆனால் இயந்திரத்தோடு வேலை செய்யும் எனக்கு லூயியின் பிடிவாதம்தான் புரிகிறது.

அடுத்து அவர் கட்டிய பந்தயக் கார்களுக்கு ஃபிரான்டெனாக் என்று வேறு பெயர் வைக்க வேண்டியிருந்தது. 1920இல் இந்தியானாபொலிஸ் 500 மைல் பந்தயத்துக்கு அவர் வடிவமைத்த கார்கள் பல வந்தன. ஸ்டியரிங்கையும் முன்சக்கரத்தையும் இணைக்கும் இரும்புக் கை அவற்றில் பலவற்றில் உடைந்தது. லூயி ஓட்டிய காரும் அப்படித்தான் நின்றது. காஸ்டனின் கார் தாக்குப்பிடித்து முதலாவதாக வந்தது. அதே ஆண்டு நவம்பரில் கலிஃபோர்னியாவில் பெவர்லி ஹில்ஸ் பந்தயத்தில் காஸ்டன் விபத்தில் இறந்தார். மறு ஆண்டு டாமி மில்டன் என்ற ஓட்டுநர் ஃபிரான்டெனாக் காரில் இந்தியானாபொலிஸில் வென்றார். தம்பியை இழந்த ஆறே மாதத்தில் இன்னொரு காரைத் தயார் செய்து களத்தில் நிறுத்திய அந்த மனிதரை நினைத்தால் எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

கோடிக்கணக்கான கார்களில் பெயர் ஓடினாலும் அந்தச் செல்வம் அவருக்கு வரவில்லை. 1930களில் தன் பெயர் தாங்கிய செவர்லேயிலேயே சம்பளத்துக்கு வேலை பார்த்தார். 1941இல் டெட்ராய்ட்டில் காலமானார்.

ஊரிலிருந்து வரும் உறவினர்களை நாம் மேற்கே அந்தப் பந்தயம் நடக்கும் ஸ்பீட்வேக்குக் கூட்டிப்போய்ப் படம் எடுத்துத் திரும்புகிறோம். நகரின் தென்பகுதியில் ஹோலி கிராஸ் அண்ட் செயின்ட் ஜோசப் கல்லறைத் தோட்டத்தில் லூயியும் காஸ்டனும் அடக்கமாகியிருக்கிறார்கள். அடுத்த முறை அங்கேயும் ஒரு நடை போய் வாருங்கள், பிள்ளைகளையும் கூட்டிப்போங்கள்.