வேலைநாள் மாலையின் அடுப்பு

உணவைப் பற்றி நம்மவர் எழுதும் கட்டுரைகள் பெரும்பாலும் இரு வகைப்படும். இழந்துபோன சுவைகளை எண்ணி இரங்குவன ஒரு வகை. அயலார் உணவைக் கண்டு நகைப்பன மற்றொரு வகை. இவ்விரண்டிலும் சமைப்பவரின் நேரத்தைப் பற்றிய பேச்சு அரிதாகவே இடம்பெறுகின்றது. உண்டவர் எழுதுகின்றார்; சமைத்தவருக்கு எழுத நேரமிருப்பதில்லை. இக்குறையை மனத்திற்கொண்டே, நகைப்புக்கு எளிதில் இலக்காகக்கூடிய ஓர் உணவை இங்கு எடுத்துக்கொள்கின்றேன். ஐக்கிய அமெரிக்காவில் வேலைநாள் இரவுகளில் எண்ணற்ற வீடுகளில் மேசைக்கு வரும் ‘தாக்கோ கசரோல்’ என்பதே அவ்வுணவு.

அந்நாட்டின் மத்திய மேற்கு மாநிலமொன்றில் ஆய்வு மாணவனாக நான் இரண்டு ஆண்டுகள் தங்கியிருந்தேன். மருத்துவத் தாதி ஒருவரின் வீட்டு மேல்மாடியில் எனக்கு அறை கிடைத்திருந்தது. கணவரைப் பிரிந்து வாழ்ந்த அவருக்குப் பதின்மூன்று வயதில் ஒரு மகனும் எட்டு வயதில் ஒரு மகளும் இருந்தனர். கிழமையில் மூன்று நாட்கள் பன்னிரண்டு மணித்தியால வேலை. அந்நாட்களில் இரவுணவு எப்படித் தயாராகின்றது என்பதை அறியும் ஆவலில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் அவருடைய சமையலறையில் நின்றேன்.

செய்முறை சிக்கலானதன்று. அரைத்த மாட்டிறைச்சி ஏறத்தாழ 450 கிராமை நறுக்கிய வெங்காயத்துடன் வதக்கி, உருகி வரும் கொழுப்பை வடித்துவிடுவர். 28 கிராம் கொண்ட தாக்கோச் சரக்குத் தூளையும் முக்காற் கோப்பை நீரையும் சேர்த்து வற்றவிடுவர். பேணியில் அடைத்த அவரை விதைகளும் தக்காளித் துண்டுகளும் அதனுடன் சேரும். அகன்ற கண்ணாடித் தட்டின் அடியில் நொறுக்கிய சோளச் சீவல்களைப் பரப்பி, அதன்மேல் இக்கலவையையும் புளித்த பாலாடையையும் துருவிய பாற்கட்டியையும் அடுக்கினால் வேலை முடிந்தது. ஏறத்தாழ 175 பாகை செல்சியசுச் சூட்டில் இருபத்தைந்து நிமிடம் போறணையில் இருந்தாற் போதும். இருநாட்கள் குளிர்சாதனப் பெட்டியில் இருக்கவேண்டிய தட்டாயின் அடியிற் பரப்பும் சீவல்களைத் தவிர்த்து, சூடேற்றும்போது கடைசி ஐந்து நிமிடத்தில் மேலே தூவுவார். இல்லையேல் அவை ஊறிக் களியாகிவிடும். சலாது இலையும் பச்சைத் தக்காளியும் போறணைக்குள் போவதில்லை. சூடான துண்டின்மேல் குளிர்ந்தபடியே அவற்றை வைத்து உண்ணவேண்டும். வெளியே எடுத்த தட்டைப் பத்து நிமிடம் ஆறவிட்டே வெட்டவேண்டும் என்பதும் ஒரு விதி.

நான் மரக்கறி உண்பவன் என்பதால், தட்டின் நடுவே மெல்லிய உலோகத்தாளால் ஒரு வரம்பு கட்டி, ஒரு பாதியில் இறைச்சிக்குப் பதிலாகக் கறுத்த அவரை விதையை இட்டார். பேணியின் நீரை வடித்து விதையைக் கழுவினால் அதிலுள்ள உப்புக் கணிசமாகக் குறையும் என்பதைத் தாதி என்ற முறையில் எனக்கு எடுத்துரைக்கவும் அவர் தவறவில்லை. செவ்வாய்க்கிழமை மாலை அவர் வேலையிலிருந்து வீடு திரும்புமுன் மூத்த மகன் தட்டைப் போறணையில் வைத்துவிடுவான்.

இவ்வுணவைக் கண்ட என் நண்பரொருவர், “தாக்கோவையும் கெடுத்துவிட்டார்கள்” என்றார். அவர் கூற்று ஆராயத்தக்கது. தாக்கோ என்பது மெக்சிக்கோ மக்களின் உணவு. சோளமாவைத் தட்டிச் சுட்ட மெல்லிய ‘தோர்த்தியா’வில் இறைச்சியையோ அவரையையோ வைத்து மடித்து உண்பது அது. அதற்கும் இந்தக் கண்ணாடித் தட்டுக்கும் இடையே நீண்ட வரலாறு கிடக்கின்றது. ரெக்சாஸ் 1845இல் ஐக்கிய அமெரிக்காவுடன் இணைக்கப்பட்டது. அடுத்து நிகழ்ந்த போரின் முடிவில், 1848இல், மெக்சிக்கோ தன் வடபுலத்தின் பெரும்பகுதியை இழந்தது. எல்லை மக்களைக் கடந்து சென்றது. அம்மக்களின் அடுப்பு அங்கேயே இருந்தது. 1890களில் ரெக்சாசில் வில்லியம் கெப்காட் என்னும் ஜெர்மானியக் குடியேற்றக்காரர் மிளகாயோடு பிற சரக்குகளைச் சேர்த்து அரைத்த தூளை விற்பனைக்குக் கொண்டுவந்தார். இன்றும் அமெரிக்கர் ‘சில்லித் தூள்’ என்று வாங்குவது தனி மிளகாய்த் தூளன்று; சின்னச்சீரகமும் உள்ளியும் கலந்த கலவை அது. நம்மூர்ச் செத்தல் மிளகாய்த் தூளை அதே அளவில் இட்டால் உண்பவர் கண்ணீர் வடிப்பது உறுதி.

மடித்துப் பொரித்த தோர்த்தியாவில் அரைத்த மாட்டிறைச்சியும் மஞ்சட் பாற்கட்டியும் சலாது இலையும் வைத்த தாக்கோவை முதலில் ஆக்கியோரும் வெள்ளையர் அல்லர். கலிபோர்னியாவின் சான் பெர்னார்டினோ நகரில் மெக்சிக்க மரபினரான லூசியா ரொட்ரிகஸ் 1937இல் தொடங்கிய மித்லா என்னும் உணவகத்தில் அத்தகைய தாக்கோ பரிமாறப்பட்டது. தோர்த்தியாவை மடித்தபடி பொரிக்கும் கருவிக்கு 1950இல் ஆக்கவுரிமை பெற்றவரும் நியூயோர்க்கில் உணவகம் நடத்திய மெக்சிக்கரான ஜுவென்சியோ மல்டொனாடோ ஆவார். மித்லாவின் எதிரே கடை வைத்திருந்த கிளென் பெல் 1962இல் ‘தாக்கோ பெல்’ நிறுவனத்தை ஆரம்பித்தார். பெயரும் பணமும் அவரைச் சேர்ந்தன. புதிய ஊரில் கிடைத்த பொருளைக் கொண்டு தம் உணவை மாற்றியவர்கள் முதலில் அவ்வுணவுக்குரிய மக்களே என்பது இங்கு கருதத்தக்கது.

கசரோலின் வரலாறு வேறு. அடுப்பில் வைக்கும் பாத்திரத்தைக் குறித்த பிரெஞ்சுச் சொல் பின்னர் அதிலுள்ள உணவையும் குறிக்கலாயிற்று. சூட்டைத் தாங்கும் பைரெக்ஸ் கண்ணாடிப் பாத்திரங்கள் 1915இல் விற்பனைக்கு வந்தன. சமைத்த பாத்திரத்தையே மேசையில் வைக்கும் வசதி அவற்றால் பெருகியது. காம்பெல் நிறுவனம் 1934இல் பேணியில் அடைத்த காளான் சூப்பை வெளியிட்டது. அதனைக் கொண்டு செய்யும் பச்சை அவரைக் கசரோலை அந்நிறுவனத்தின் சமையற்கூடத்தில் டோர்க்கஸ் ரெய்லி 1955இல் உருவாக்கினார். இல்லத்தரசியின் நேரத்தை மிச்சப்படுத்துவதாக நிறுவனங்கள் கூறின. அதனாற் பெற்ற இலாபத்தை அவை மறைக்கவுமில்லை.

சுவையைப் பற்றியும் ஒரு சொல். தாக்கோச் சரக்கை மூக்கருகே கொண்டு சென்ற முதல் நாளே அது எனக்கு அந்நியமாகத் தோன்றவில்லை. சின்னச்சீரகத்தின் மணமே அதில் மேலோங்கி நின்றது. மேற்காசியப் பகுதிக்குரிய அச்சரக்கை மெக்சிக்கோவுக்குக் கொண்டு சென்றவர் இசுப்பானியர். மெக்சிக்கோவின் மிளகாயோ எதிர்த்திசையிற் பயணஞ்செய்து, போர்த்துக்கேயர் வழியாக நம் கறிச்சட்டியை வந்தடைந்தது. அவர்கள் 1505இல் இலங்கைக் கரையை அடையுமுன் நம் முன்னோர் உறைப்புக்கு மிளகையே நம்பியிருந்தனர். மிளகாயின்றி யாழ்ப்பாணத்துத் தூள் இல்லை. ஆயினும் அத்தூளை நாம் கலப்படம் என்று இகழ்வதில்லை, மரபு என்றே போற்றுகின்றோம். மல்லியையும் செத்தல் மிளகாயையும் வறுத்து ஆலைக்கு அனுப்பி, அரைத்துப் போத்தலில் அடைத்து வைக்கும் அத்தூள் பின்வரும் நாட்களின் உழைப்பை முன்கூட்டியே செய்து வைத்த சேமிப்பு. அமெரிக்கத் தாதி வெட்டிய பொதியும் அதுவே.

இங்குதான் என் நண்பரின் கூற்றுடன் நான் வேறுபடுகின்றேன். கெடாத தாக்கோ எவ்வாறு ஆக்கப்பட்டது? உலர்ந்த சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்து ஊறவிட்டு, தோல் நீக்கி, ‘மெத்தாத்தே’ என்னும் கல்லில் அரைப்பர். மூவாயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட அம்முறை வியத்தகு அறிவின் விளைவு. சோளத்திலுள்ள நயாசின் என்னும் உயிர்ச்சத்து சுண்ணாம்பாலேயே உடலுக்குக் கிட்டுகின்றது. சோளத்தை மட்டும் எடுத்துச் சென்று சுண்ணாம்பை விட்டுவிட்ட நாடுகளில் வறியோர் பெலாகரா நோய்க்கு இரையாயினர். ஆயின் அந்த அறிவைச் சுமந்தவை பெண்களின் முழங்கால்கள். கல்லின் முன் மண்டியிட்டு நாளொன்றுக்கு ஐந்து மணித்தியாலம் வரை அவர்கள் அரைத்ததாகச் சமூக வரலாற்றாசிரியர் கூறுவர். இருபதாம் நூற்றாண்டில் ஊர்களுக்கு அரைவை ஆலைகள் வந்தபோது, சுவை கெடும் என்றும் பெண்கள் சோம்பேறிகளாவர் என்றும் ஆடவர் சிலர் எதிர்த்தனர். அரைத்த பெண்கள் ஆலைவாசலில் வரிசையில் நின்றனர்.

இதனைப் படித்தபோது என் தாயாரை நினைத்தேன். அவர் ஓர் ஆசிரியை. விடியுமுன் எழுந்து அம்மியில் அரைப்பார். பாடசாலை முடிந்து வந்ததும் மாலையில் மீண்டும் அதன் முன் அமர்வார். நூல்நிலையத்திலிருந்து கிழமைக்கு இரண்டு நூல்கள் எடுத்துவருவது அவர் வழக்கம். அவற்றுட் பல அடையாளத்தாள் முதல் அத்தியாயத்திலேயே இருக்கத் திரும்பிச் சென்றதை நான் கண்டிருக்கின்றேன். அம்மியில் அரைத்த சம்பலின் சுவையைப் பற்றி எங்கள் வீட்டில் எல்லோரும் பேசுவோம். வாசிக்கப்படாத அத்தியாயங்களைப் பற்றி எவரும் பேசியதில்லை. அமெரிக்க வீட்டிலோ, தட்டுப் போறணையில் இருந்த இருபத்தைந்து நிமிடமும் தாதி மேசையருகே அமர்ந்து மகளுக்கு வாசிப்புச் சொல்லிக்கொடுப்பார். சில நாட்களில் தாம் எழுதவிருந்த தகைமைத் தேர்வுக்குரிய நூலை விரிப்பார். அந்தச் சோளச் சீவலின் சுவை எங்கள் சம்பலுக்கு நிகராகாது. அந்த இருபத்தைந்து நிமிடத்தின் மதிப்பை எத்தராசில் இடுவது?

ஆயினும் எளிமை என்பது விலையின்றி வருவதன்று. மிச்சமான நேரத்தின் ஒரு பகுதி வேறெவரிடமிருந்தோ எடுக்கப்பட்டதாகவே இருக்கும். அமெரிக்கப் பண்ணைகளிற் பயிர்த்தொழில் செய்வோருட் பெரும்பான்மையோர் மெக்சிக்கோவிற் பிறந்தவர்கள். பேணிக்குள் அடங்கிய தக்காளிக்காக வெயிலிற் குனிந்தவளுக்கும் ஒரு மாலைப்பொழுது உண்டு. அவள் வீட்டு அடுப்பை யார் மூட்டினார் என்பதைப் பொதியின் மேலுறை கூறுவதில்லை. அந்த வினாவை விடுத்து எளிமையை மட்டும் புகழ்வது அரைகுறை நியாயம். அந்த வினாவைக் காரணங்காட்டி, சமைக்கும் பெண்ணை மீண்டும் அம்மிக்கு அனுப்ப விழைவதோ நியாயமேயன்று.

ஆர்லி ஹொக்சைல்ட் என்னும் சமூகவியலாளர் 1989இல் வெளியிட்ட நூலில், வேலைக்குச் செல்லும் பெண் வீடு திரும்பியதும் தொடங்கும் உழைப்பை ‘இரண்டாம் முறை வேலை’ எனக் குறித்தார். அவ்வேலையைக் குறைக்கும் வழி இரண்டு: உணவை எளிதாக்குவது ஒன்று, கைகளைக் கூட்டுவது மற்றொன்று. தாக்கோ கசரோல் இரண்டுக்கும் இடமளித்தது என்பதே நான் அவ்வீட்டிற் கண்ட உண்மை. பதின்மூன்று வயதுச் சிறுவனாற் செய்யத்தக்கதாக வேலை எளிதானபோது, அதனை அவன் செய்யாதிருப்பதற்குச் சாக்கு எதுவும் எஞ்சவில்லை.

இதனை வாசிக்கும் மாணவருட் பலர் சில ஆண்டுகளில் உத்தியோகம் பெற்று இல்லறம் புகுவர். இருவரும் உழைக்கும் குடும்பங்களே அவற்றுட் பலவாக இருக்கும். இடியப்பம் உயர்ந்ததா, பாண் உயர்ந்ததா என்ற வாதம் அங்கும் எழும். அவ்வாதத்தைத் தொடங்குமுன், அன்று மாலை மாவைக் குழைப்பவர் எவர், உரலில் இட்டுப் பிழிபவர் எவர், உண்டபின் பாத்திரங் கழுவுபவர் எவர் என்பதைப் பேசித் தீர்த்துக்கொள்வது நன்று. மரபின் சுவை பற்றித் தீர்ப்புக் கூறும் உரிமை அதன்பின்னரே ஒருவருக்கு வாய்க்கும்.