தம்பி விட்டுப் போன பெட்டி

தம்பி வேலைக்காக வெளிநாடு போனபோது தன் பழைய பிளேஸ்டேஷன் 3-ஐ எங்கள் வீட்டில் விட்டுப் போனான். 40 ஜிபி ஹார்ட் டிஸ்க். போன வாரம் என் மகன் தன் பெயரில் கணக்குத் திறந்து ஒரு விளையாட்டை இறக்கப் பார்த்தான், இடமில்லை.

'கேம்' வரிசையில் போய், ஒவ்வொன்றின் மேலும் முக்கோணப் பொத்தானை அழுத்தினால் அளவும் தெரியும், அழிக்கும் வழியும் வரும். அங்கேயே 'கேம் டேட்டா யுடிலிட்டி' என்று ஒரு ஃபோல்டர். டிஸ்க்கில் ஆடும் விளையாட்டுகள் கொட்டிவைத்த கோப்புகள் அதில்தான். டிஸ்க்கைப் போட்டால் மறுபடி ஏறிவிடும் என்பதால் தயங்காமல் அழித்தேன். 'சேவ்டு டேட்டா'வில் கை வைக்கவில்லை. அது தம்பி விடிய விடிய ஆடிச் சேர்த்தது. யூஎஸ்பியில் ஒரு நகல் எடுத்தேன். சிலவற்றை எடுக்க விடவில்லை, பூட்டு.

அவன் காசு கொடுத்து இறக்கியவைதான் சிக்கல். அழித்தாலும் 'டவுன்லோட் லிஸ்ட்'டிலிருந்து திரும்ப எடுக்கலாம், சோனி அதற்கு வழி விட்டிருக்கும்வரை. 2021 மார்ச்சில் இந்தப் பெட்டிக்கான கடையையே மூடப்போவதாக சோனி அறிவித்தது. ஆடுகிறவர்கள் சத்தம் போட்டதால் ஏப்ரலில் பின்வாங்கியது. நின்டெண்டோவின் வீ கடையோ 2019 ஜனவரியிலேயே மூடப்பட்டுவிட்டது. காசு வாங்கும்போது 'உன்னுடையது' என்ற மாதிரிதான் பேசுகிறார்கள்!

தம்பியிடம் பாஸ்வேர்டு கேட்டேன். "மறந்துபோச்சுண்ணே, அந்தக் காலேஜ் மெயிலும் இப்ப இல்ல" என்றான்.

அவன் விளையாட்டுகளை அப்படியே விட்டுவிட்டேன். மகனுக்கு இன்னும் 2 ஜிபி குறைகிறது.