வடதுருவ ஒளி

கந்தளாய்க் குளக்கட்டின் இருளில் வளர்ந்த எனக்கு, இருளைத் தேடிப் பணங்கொடுத்துப் பயணஞ் செய்வது விந்தையாகவே தோன்றிற்று. நோர்வேயின் வடபுலத்தே, ஏறத்தாழ 70 பாகை அகலக்கோட்டில் உள்ள ட்ரொம்சோ நகரிலிருந்து மாலையிற் புறப்பட்ட சுற்றுலா வண்டி, முகில் மூடிய கரையோரத்தை விட்டுப் பின்லாந்து எல்லைப் பக்கமாக ஓடிற்று. முகிலற்ற வானம் எங்குளதெனக் கண்டு அங்கு நம்மைச் சேர்ப்பதே வழிகாட்டியின் தொழில்.

நள்ளிரவை அண்டி அது தோன்றிற்று. முதலிற் சாம்பல் நிறப் புகைபோல. ஞாயிற்றினின்று வரும் மின்னேற்றத் துணிக்கைகள் புவிக்காந்தப் புலத்தால் துருவப் பக்கம் வழிப்படுத்தப்பட்டு, நூறு கிலோமீற்றருக்கு மேலுள்ள ஒட்சிசன் அணுக்களைத் தாக்கப் பச்சை ஒளி பிறக்கிறது. மங்கலில் நம் கண் நிறமறியாது, கமெரா அறியும். ஆதலால் உடன்வந்தோருட் பலர் வானத்தை விடுத்துக் கமெராவின் சிறு திரையையே நோக்கி நின்றனர்! பின்னர் ஒளி வலுத்துத் திரைச்சீலைபோல் அசைந்தபோது பச்சை என் கண்ணுக்கும் புலனாயிற்று. அந்தச் சில நிமிடங்கள் எவரும் பேசவில்லை.

1980களிலிருந்து அவ்வடபுலத்து மீன் தொழிற்சாலைகளில் ஈழத்தமிழர் பலர் உழைத்து வந்துள்ளனர். அவர்களுள் ஒருவரான என் பெரியப்பாவிடம் மறுநாள் இக்காட்சியை வியந்து கூறினேன்.

"இரவு வேலை முடிந்து வரும்போது தலைக்கு மேலே ஆடும், தம்பி. குளிரில் நிமிர்ந்து பார்க்க மனம் வராது. ஊருக்குக் கடிதம் போட்டால் அனுப்பின காசின் கணக்கைத்தான் எழுதுவேன். இதை ஒருநாளும் எழுதினதில்லை" என்றார்.