கரியாலூரில் கர்ண மோட்சம்

கச்சிராயபாளையம் தாண்டி, கோமுகி அணையை விட்டு மலையேறினால் கரியாலூர். கீழே வியர்த்துக் கொட்டிய உடம்புக்கு இங்கே பொழுது சாய்ந்ததுமே போர்வை கேட்கிறது. திருவிழாவுக்குக் கூத்தாட அடிவாரத்திலிருந்து ஒரு ஜமா வந்திருந்தது. அன்றைக்குக் கர்ண மோட்சம்.

வராந்தா ஒன்றில் வேஷம் கட்டிக்கொண்டிருந்தார்கள். ஜமாவின் வாத்தியார்தான் கர்ணன். எண்ணெயில் குழைத்த அரிதாரத்தை முகம் முழுக்க இழுத்துவிட்டு, ஈர்க்குச்சியால் புருவத்துக்கு மேல் வெள்ளைப் புள்ளிகள் வைத்தார். கையகலக் கண்ணாடிதான்; ஒரு புள்ளிகூடப் பிசகவில்லை. கை அங்கே இருக்க, காது கர்ணனின் மனைவி பொன்னுருவி வேஷம் கட்டும் பையனிடம் இருந்தது. “சுருதி எறங்குது தம்பி, மேல எடு.”

கிரீடம், புஜக்கட்டை, மார்புப் பதக்கம் எல்லாம் கல்யாண முருங்கை மரத்தில் செதுக்கியவை. கனமில்லாத மரம், விடிய விடியச் சுமக்கலாம். அதில் பதித்த கண்ணாடிச் சில்லுகள் தீவட்டிக் காலத்து ஏற்பாடு. சுடர் அசைய அசைய அவையும் மினுங்கும். டியூப்லைட் வெளிச்சத்தில் அந்த மினுக்கம் செத்துப்போகிறது. வாத்தியார் எதிரே கட்டியிருந்த விளக்கை அணைக்கச் சொல்லிவிட்டு, பக்கவாட்டில் தாழ்வாக ஒரு மஞ்சள் பல்பைத் தொங்கவிட்டார். காற்றில் பல்பு ஆட, சில்லுகளுக்கு உயிர் வந்தது.

அடுத்த தொல்லை பனி. ஈரம் ஏறினால் மிருதங்கத் தோல் தளர்ந்து சுருதி இறங்கும். ஆர்மோனியத்தின் கட்டையோ இறங்காது. மிருதங்கக்காரர் தோலை நெருப்பில் காட்டிக் காட்டி வாசித்தார். காய்ச்சும் இடைவெளிகளில் வாத்தியார் தாளத்தையும் பின்பாட்டையும் மட்டும் வைத்துக்கொண்டு வசனத்தை நீட்டினார். அந்த வெறுமையான ஓசையில் கர்ணனின் துக்கம் இன்னும் கூடியது. அதைக் கேட்ட பிறகு, மிருதங்கம் தயாரானபோதும் சைகையால் சற்று நேரம் நிறுத்திவைத்தார். இதைச் சோதனை என்று சொல்லாமல் வேறு எதைச் சொல்வது?

ஒலி, காட்சி, உடல் மூன்றையும் கலந்து புதிது தேடுகிறவர்களை நகரத்து அரங்குகள் நவீனக் கலைஞர் என்று கொண்டாடுகின்றன. கொண்டாட வேண்டியதுதான். ஆனால் இதே வேலையைச் செய்கிறவரை ‘கிராமியக் கலைஞர்’ என்று ஒதுக்கி, விழா மேடையில் அரைமணி நேரம் கொடுத்து இறக்கிவிடுவது எனக்கு ஆறவே இல்லை. 1977இல் ந. முத்துசாமி கூத்துப்பட்டறை என்ற நாடகக் குழுவைத் தொடங்கியபோது, தமிழ் நவீன நாடகத்துக்கான உடல்மொழியைக் கூத்தில்தான் தேடினார். கூத்துக் கலைஞர் புரிசை கண்ணப்ப தம்பிரான் அங்கே நடிகர்களுக்குக் கூத்துப் பயிற்றுவித்தார். கற்றுக்கொடுத்தது கூத்து, பெயர் மட்டும் நவீனத்துக்கா?

நள்ளிரவில் திரை வந்தது. இருவர் துணியைப் பிடித்திருக்க, பின்னாலிருந்து முதலில் குரல். கீழே சலங்கைக் கால்கள் மட்டும். கோமாளியான கட்டியக்காரன் யாரென்று கேட்டு வம்பிழுக்கிறான். திரை விலகியதும் வாத்தியார் கிறுக்கி அடித்துச் சுழன்றார். முன்வரிசையில் போர்வைக்குள் இருந்த, இந்த மலையின் மலையாளிப் பழங்குடி மக்களின் பிள்ளைகள் எழுந்து நின்றுவிட்டார்கள். காஞ்சிபுரத்திலிருந்து வந்தவர்கள் என்று தங்களைச் சொல்லிக்கொள்ளும் அந்த மக்களில் பெரியவர்களுக்குப் பாட்டெல்லாம் மனப்பாடம். பின்பாட்டுக்குச் சேர்ந்து பாடினார்கள்.

ஜமாவில் முகவீணை ஊதுகிறவருக்கு வயதாகிவிட்டது. ஆர்மோனியமே போதும் என்று பல ஜமாக்கள் முகவீணையை விட்டுவிட்டன. “எவன் தம்பி கத்துக்க வரான்?” என்றார். வருகிற பையனுக்கு மாத உதவித்தொகை, அவருக்கு ஆசிரியர் சம்பளம். இந்த இரண்டையும் அரசு கொடுத்தால் வருவான். அவருக்கு ஊத மூச்சு இருக்கும்போதே கொடுக்க வேண்டும்.