மூன்று தொப்பிகள்

கோவையிலிருந்து பாலக்காடு போகும் பஸ் வாளையாரைத் தாண்டியதும் கடைகளின் பெயர்ப் பலகைகள் மலையாளத்துக்கு மாறிவிடுகின்றன. மற்றபடி அதே மலை, கணவாயில் அடிக்கும் அதே காற்று, ஏறக்குறைய அதே டீ. ஆனால் வாளையார் என்றதும் லாரி டிரைவர்களுக்கு நினைவுக்கு வருவது செக்போஸ்ட்தான். 2017 ஜூலையில் ஜி.எஸ்.டி. வரும்வரை சரக்கு லாரிகள் இங்கே கிலோமீட்டர் கணக்கில் வரிசையில் நின்றன. காகிதம் சரியாக இருந்தால்தான் உள்ளே விடுவார்கள். 2020 மே மாதம், கொரோனா ஊரடங்கின்போது, லாரிகள் நின்ற இடத்தில் மனிதர்கள் நின்றார்கள். கையில் பாஸ் இல்லாமல், சொந்த மாநிலத்துக்குள் நுழைய முடியாமல்.

அந்த வரிசைகள் இப்போது இல்லை. ஆனால் கிரிக்கெட்டில் மாநில எல்லையைத் தாண்டக் காகிதம் இன்னமும் தேவைப்படுகிறது. ஒரு மாநில அணியின் ஆட்டக்காரர் இன்னொரு மாநிலத்துக்கு ஆட வேண்டுமானால், அவருடைய பழைய சங்கம் தடையில்லாச் சான்றிதழ் தர வேண்டும். போகிற இடத்தில் அவரை ‘கெஸ்ட் பிளேயர்’ என்பார்கள். விருந்தாளி. ஒரு அணி மூன்று விருந்தாளிகளை வைத்துக்கொள்ளலாம். விருந்தாளி என்ற சொல்லில் மரியாதை இருக்கிறது. என்றைக்காவது மூட்டை கட்ட வேண்டியவர் என்ற அர்த்தமும் இருக்கிறது.

அமெரிக்காவின் பேஸ்பால் ஆட்டத்தில் இப்படி அணி அணியாகப் போகிறவர்களை ‘ஜர்னிமேன்’ என்கிறார்கள். எட்வின் ஜாக்சன் என்ற பந்து வீச்சாளர் 2003 முதல் 2019 வரை 14 அணிகளின் சட்டையைப் போட்டார். யாரும் அதை விசுவாசக் குறைவாக நினைக்கவில்லை. அந்தச் சொல் பழைய ஐரோப்பியப் பட்டறைகளிலிருந்து வந்தது. தொழில் பழகி முடித்தும் சொந்தப் பட்டறை வைக்க முடியாமல், நாட்கூலிக்கு வேலை செய்த கைவினைஞருக்கு வைத்த பெயர் அது. நாட்கூலிக்காக எல்லை தாண்டுவது இந்தப் பக்கத்து மக்களுக்கும் புதிதல்ல. தெற்கே தேனி மாவட்டத்தில், கம்பத்திலிருந்தும் போடியிலிருந்தும் விடியற்காலையில் கிளம்பும் ஜீப்கள் ஆட்களை ஏலத்தோட்டங்களுக்கு ஏற்றிச் செல்கின்றன. மாலையில் இறக்கிக்கொண்டு வருகின்றன. ரஞ்சி டிராபி ஆட்டக்காரருக்கும் நாள் கணக்கில்தான் சம்பளம். 2021-ல் கிரிக்கெட் வாரியம் நிர்ணயித்தபடி, 40 ஆட்டங்களுக்கு மேல் ஆடியவருக்கு ஒரு நாளைக்கு 60,000 ரூபாய். கூலி பெரிது, கணக்கு ஒன்றுதான்.

வாளையார்க் கோட்டை இரு பக்கமும் தாண்டியவர்கள் உண்டு. திருச்சூர்க்காரரான வேகப் பந்து வீச்சாளர் சந்தீப் வாரியர் 2020-ல் கேரளத்தை விட்டுத் தமிழ்நாட்டுக்கு வந்தார். அடுத்த ஆண்டு வலைப் பயிற்சியில் பந்து வீசுவதற்காக இந்திய அணியுடன் இலங்கை போனவருக்கு, கொழும்பில் ஒரே ஒரு டி20 ஆட்டம் கிடைத்தது. எதிர்த் திசையில் போனவர் சென்னையின் பாபா அபராஜித். 2012-ல் ஆஸ்திரேலியாவில் 19 வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பையை இந்தியா வென்றபோது, கால் இறுதியிலும் அரை இறுதியிலும் ஆட்ட நாயகன் அவர்தான். அதன் பிறகு சென்னை சூப்பர் கிங்ஸில் இடம் கிடைத்தது, களம் கிடைக்கவில்லை. ஓர் ஆட்டம்கூட ஆடாமலே அங்கிருந்து வெளியே வந்தார். பல ஆண்டுகள் தமிழ்நாட்டுக்கு ஆடிய பிறகு, 2024-ல் கேரளத்தின் விருந்தாளியானார்.

அவர் போனபோது அங்கே ஏற்கெனவே ஒரு விருந்தாளி எட்டு ஆண்டுகளாகத் தங்கியிருந்தார். பெயர் ஜலஜ் சக்சேனா. சொந்த ஊர் இந்தூர். சுழற்பந்து வீசுவார், பேட்டிங்கில் எந்த இடத்தில் இறங்கச் சொன்னாலும் இறங்குவார். 2005-ல் மத்தியப் பிரதேசத்துக்காக ஆட ஆரம்பித்தவர், 2016-ல் கேரளம் வந்தார். அவர் பிறந்தது 1986 டிசம்பரில். அதே ஆண்டு செப்டம்பரில் சென்னையில் பிறந்தவர் ரவிச்சந்திரன் அஸ்வின். இருவருக்கும் ஒரே தொழில்: ஆஃப் ஸ்பின், கூடவே பேட்டிங். அஸ்வின் 537 டெஸ்ட் விக்கெட்டுகள் எடுத்து 2024 டிசம்பரில் ஓய்வு பெற்றார். சக்சேனாவுக்கு ஒரு டெஸ்ட்கூட இல்லை. ஐ.பி.எல்.லில் பல அணிகள் அவரை வாங்கின. களத்தில் இறக்கியது ஒரே தடவை, 2021-ல் பஞ்சாப் அணி.

மூன்று மாதம் முன்னால் பிறந்த ஒருவர் கதவை அடைத்துவிட்டார் என்று சொல்லலாம். சக்சேனா உள்ளூர் ஆட்டத்தில் எடுத்த விக்கெட்டுகளைப் பார்த்தால், கதவைத் தட்டவில்லை என்று மட்டும் யாரும் சொல்ல முடியாது. 2024 பிப்ரவரியில் தும்பாவில், வங்காளத்துக்கு எதிராக ஒரே இன்னிங்ஸில் 9 விக்கெட். அதே ஆண்டு நவம்பரில் தும்பாவில் உத்தரப் பிரதேசத்துடன் ஆடும்போது, ரஞ்சி வரலாற்றில் யாருமே எட்டாத ஓர் இடத்தை எட்டினார்: 6,000 ரன்களும் 400 விக்கெட்டுகளும். இந்தியாவின் பெரிய ஆல்ரவுண்டர்கள் எவருக்கும் இது இல்லை. இதைச் சொன்னால் ஒரு பதில் தயாராக இருக்கும்: அவர்களுக்கெல்லாம் ரஞ்சியில் இத்தனை காலம் ஆட வேண்டியிருக்கவில்லை. பதில் நியாயமானதுதான். அதில் இருக்கும் வலியும் நிஜம்தான். வேறிடத்துக்கு அழைப்பு வராதவருக்குத்தான் இப்படிப்பட்ட சாதனைகள் வாய்க்கும்.

கேரளத்துக்கு அவரால் என்ன கிடைத்தது? 1957 முதல் அந்தப் பெயரில் ரஞ்சி ஆடிவரும் அணி அது. தென் மண்டலத்தில் தமிழ்நாடு, கர்நாடகம், ஹைதராபாத் என்று பெரிய வீடுகளுக்கு நடுவில் ஓர் ஓட்டு வீடு. சக்சேனா வந்த பிறகு 2017-18-ல் முதன்முறையாகக் கால் இறுதி. அடுத்த ஆண்டு முதன்முறையாக அரை இறுதி. 2025-ல் இறுதி ஆட்டம். அந்த ஆண்டு கால் இறுதியில் ஜம்மு காஷ்மீரை முதல் இன்னிங்ஸில் ஒரு ரன் முந்தினார்கள். அகமதாபாத் அரை இறுதியில் குஜராத்தை 2 ரன். அங்கே குஜராத் 455 ரன் எடுத்தது. சக்சேனா 70 ஓவர்களுக்கு மேல் வீசி 4 பேரை வெளியேற்றினார். அப்போது அவருக்கு 38 வயது.

விருந்தாளிகளைப் பற்றிய முணுமுணுப்பு எல்லா மாநிலத்திலும் உண்டு. வெளியாளுக்குக் கொடுக்கும் இடம் ஓர் உள்ளூர்ப் பையனின் இடம்தானே? பாலக்காட்டிலோ கண்ணூரிலோ விடிகாலையில் எழுந்து வலைப் பயிற்சிக்குப் போகும் ஒரு சுழற்பந்து வீச்சாளருக்கு, சக்சேனா இருந்த ஒன்பது பருவங்கள் என்பது இளமையின் பெரும்பகுதி. இந்தக் குறையைச் சிரித்து ஒதுக்க முடியாது. ஆனால் அகமதாபாத்தில் 177 ரன் அடித்து ஆட்டமிழக்காமல் நின்ற முகமது அசாருதீன் உள்ளூர்ப் பையன்தான். இறுதி ஆட்டத்தில் இறங்கிய 11 பேரில் வெளியாட்கள் இருவரே. பெரிய ஆட்டங்களை ஆடிப் பார்க்க உள்ளூர்ப் பையன்களுக்கு வாய்ப்பு வந்ததில், வெளியாளின் கையும் இருக்கிறது.

அந்த இன்னொரு வெளியாளின் கதை இன்னும் விசித்திரம். ஆதித்ய சர்வாதே விதர்பாவுக்காக இரண்டு முறை ரஞ்சிக் கோப்பை வென்றவர். 2019 இறுதி ஆட்டத்தில் 11 விக்கெட் எடுத்தவர். 2024-ல் கேரளம் வந்தார். கேரளத்தின் இறுதி ஆட்டம் நடந்ததோ நாக்பூரில், எதிரணியோ விதர்பா. சொந்த மைதானத்தில், பழைய தோழர்களுக்கு எதிராக 79 ரன் எடுத்தார். ஆட்டம் டிரா. முதல் இன்னிங்ஸில் 37 ரன் முந்தியதால் கோப்பை விதர்பாவுக்குப் போயிற்று. அவர் கிளம்பிய முதல் ஆண்டிலேயே, அவர் விட்டுவந்த வீட்டில் கல்யாணம்.

சக்சேனாவுக்கும் அதே விதி. அவர் மத்தியப் பிரதேசத்துக்கு 11 பருவங்கள் ஆடியும் அந்த அணி கோப்பையைத் தொடவில்லை. அவர் போய் ஆறு ஆண்டு கழித்து, 2022-ல் முதல் தடவையாக வென்றது. கேரளத்துக்கு ஒன்பது பருவங்கள் ஆடினார். கோப்பைக்கு அருகில் போனதோடு சரி. 2025 ஜூலையில் மகாராஷ்டிரம் அவரைச் சேர்த்துக்கொண்டது. இந்தூர், திருவனந்தபுரம், புணே: மூன்று மாநிலத் தொப்பிகள். நாலாவதாக, நீல நிறத்தில் ஒன்று வந்திருக்கலாம்.

அட்டவணை போடுகிறவர்களுக்குக் குறும்பு அதிகம் போலிருக்கிறது. 2025 அக்டோபர் 15-ல் மகாராஷ்டிரத்தின் முதல் ஆட்டமே கேரளத்துடன், அதுவும் திருவனந்தபுரத்தில். காலையில் மகாராஷ்டிரத்தின் முதல் நான்கு பேட்ஸ்மேன்களும் ரன் எடுக்காமல் திரும்பினார்கள். அவர்களில் ஒருவர் மும்பையிலிருந்து வந்த பிருத்வி ஷா. ஸ்கோர் 18, விக்கெட் 5. அந்த நேரத்தில் ருதுராஜ் கெய்க்வாடுடன் சேர்ந்து நின்றவர் சக்சேனா. கெய்க்வாட் 91, சக்சேனா 49. கேரளம் பேட் செய்ய வந்தபோது பந்தைக் கையில் எடுத்தார். ஒன்பது ஆண்டுகள் ஒரே அறையில் உடை மாற்றிய ஆட்களுக்குப் பந்து வீசி, மூன்று விக்கெட் எடுத்தார். மகாராஷ்டிரம் 239, கேரளம் 219. ஆட்டம் டிராவில் முடிந்தது. 20 ரன் முன்னிலைக்கான புள்ளிகள் புது வீட்டுக்குப் போயின.

இதில் துரோகம் என்று எதுவும் இல்லை. பம்பாயிலோ டெல்லியிலோ முப்பது வருடம் வேலை பார்த்து, இரண்டு ஊருக்கும் சொந்தமாகாமல் வாழ்ந்த தமிழருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. சக்சேனா கேரளத்துக்கு ஆடிய நாட்களில் கேரளத்துக்கு முழுதாக ஆடினார். அன்றைக்கு மகாராஷ்டிரத்துக்கு முழுதாக ஆடினார். வாங்கிய கூலிக்குச் செய்த வேலையில் எந்த ஊரிலும் கலப்படம் இல்லை. நாடு அவருக்கு ஒரு நாள் வேலைகூடத் தரவில்லை என்பதற்காக மூன்று மாநிலங்களில் ஒன்றிலும் அவர் குறைத்து வீசவில்லை.

அன்று அந்த அரைச் சதத்துக்கு ஒரு ரன் குறைந்தது. அவரைப் பொறுத்தவரை அது பழகிப்போன விஷயமாகத்தான் இருந்திருக்கும்.