ஆபரேஷனுக்குப் பணம் உண்டு, காது மெஷினுக்கு இல்லை... ஏன்? - ஒரு செல்லூர் மகளின் தேடல்

அழகர் ஆற்றில் இறங்கிய காலை. ஆழ்வார்புரம் பக்கம் நிற்க இடமில்லாத கூட்டம். ஆறு வயதுப் பேத்தியின் கையைப் பிடித்துக்கொண்டு செல்லூரிலிருந்து நடந்தே வந்திருந்தார் தாத்தா. நெரிசலில் கை விட்டுப்போனது. பத்தடி பின்னால் நின்று, "தாத்தா... தாத்தா..." என்று பிள்ளை கத்தியிருக்கிறாள். அவர் திரும்பவே இல்லை. முன்னால் தேடிக்கொண்டே போய்விட்டார்.

அரை மணி நேரம் கழித்து, போலீஸ் உதவி மையத்தில் அழுது முகம் வீங்கிய பிள்ளையைக் கண்டுபிடித்தார்கள். யாரும் அவரைத் திட்டவில்லை. ஆனால், மறுநாளிலிருந்து பேத்தியைப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிப்போவதை அவர் நிறுத்திவிட்டார்.

"என்னைய நம்பிப் பிள்ளைய விடாதத்தா. எனக்குக் காது செத்துப்போச்சு" என்றார் மகளிடம். அதைச் சொல்லும்போது அவர் மகளின் முகத்தைப் பார்க்கவில்லை.

அவருக்கு வயது 67. செல்லூரில் 31 வருடம் விசைத்தறி ஓட்டியவர். தறிக்கூடத்துக்குள் பேச்சுக்கு வேலையில்லை, எல்லாம் சைகைதான். வீட்டுக்கு வந்த பிறகும் காதுக்குள் தறி ஓடிக்கொண்டே இருக்கும். "கூப்பிட்டாத் திரும்ப மாட்டாரு. காசுன்னா மட்டும் கேக்கும்" என்று அம்மா கேலி பேசியே பத்து வருடம் ஓடிவிட்டது.

கேலிக்குப் பின்னால் ஒரு காரணம் இருந்தது. இரைச்சல் முதலில் கெடுப்பது, கீச்சென்ற உயர்ந்த ஒலிகளைக் கேட்கும் திறனை. பெண்களின் குரல், குழந்தைகளின் குரல், ச, த போன்ற எழுத்துகளின் ஒலி எல்லாம் முதலில் மங்கும். லாரி ஹாரன் கேட்கும், பேத்தி கூப்பிடுவது கேட்காது. பேசுவது காதில் விழும், என்ன பேசினார்கள் என்பது புரியாது. சுற்றியிருப்பவர்களுக்கு இது வீம்பாகத் தெரியும்.

மகள் அவரை இ.என்.டி. டாக்டரிடம் அழைத்துப்போனாள். ஆடியோகிராம் எடுத்தார்கள். வலது காதில் 54 டெசிபல், இடது காதில் 57 டெசிபல் இழப்பு. "நரம்பு தளர்ந்திருக்கு. ஆபரேஷன்ல சரியாகாது. மெஷின்தான் வழி" என்றார் டாக்டர். இரண்டு காதுக்கும் சேர்த்து 80,000 ரூபாய் ஆகும் என்று வெளியே ஒரு கடையில் எழுதிக் கொடுத்தார்கள்.

மகள் கலங்கவில்லை. ஒரு தனியார் நிறுவனத்தில் கணக்குப் பிரிவில் வேலை. ஆபீஸ் குரூப் பாலிசியில் அப்பா, அம்மாவையும் சேர்த்து மாதாமாதம் சம்பளத்தில் பிடித்தம் போகிறது. ஐந்து லட்சம் கவரேஜ். "இன்ஷூரன்ஸ் இருக்குப்பா, நீங்க கவலைப்படாதீங்க" என்று சொல்லிவிட்டு, அன்று சாயங்காலமே உதவி எண்ணுக்கு போன் செய்தாள்.

"ஹியரிங் எய்டு கவர் ஆகாது மேடம்." அவ்வளவுதான் பதில்.

அன்றிரவு பாலிசி ஆவணத்தை முதன்முறையாக முழுசாகப் படித்தாள். 'விலக்குகள்' பகுதியில் மூக்குக்கண்ணாடி, கான்டாக்ட் லென்ஸ், காது கேட்கும் கருவி மூன்றும் ஒரே வரியில் இருந்தன.

கட்டிலும் கருவியும்

நம் ஊர் மருத்துவக் காப்பீடு பெரும்பாலும் ஆஸ்பத்திரிக் கட்டிலைச் சுற்றிப் பின்னப்பட்டது. எதிர்பாராமல் நோய் வரும், அட்மிட் ஆவீர்கள், பில் வரும், அதைக் கொடுப்போம் என்பதுதான் ஒப்பந்தம். காதில் சீழ் வைத்து மாஸ்டாய்டு ஆபரேஷன், கிழிந்த செவிப்பறையைச் சரிசெய்யும் ஆபரேஷன் இவற்றுக்குப் பணம் கிடைக்கும். அதற்கும் பல பாலிசிகளில் இரண்டு வருடக் காத்திருப்புக் காலம் உண்டு. ஆனால், வெளியே வாங்கி, மாட்டிக்கொண்டு வீட்டுக்கு நடந்துபோகும் பொருள் இந்தக் கணக்கில் வராது. காதைக் கிழித்துத் தைத்தால் பணம் உண்டு, காதில் மாட்டினால் இல்லை!

இது நம் ஊர்க் கதை மட்டுமல்ல. அமெரிக்காவில் முதியோருக்கான மெடிகேர் திட்டம் 1965-ல் வந்தபோதே காது மெஷினை விலக்கிவிட்டது. பிரிட்டனில் 1948-ல் தொடங்கிய தேசிய சுகாதாரச் சேவையோ, அப்போதிருந்தே இலவசமாகத் தருகிறது. காதும் மெஷினும் ஒன்றுதான், ஒப்பந்தம்தான் வேறு.

தமிழக அரசின் முதலமைச்சர் காப்பீட்டுத் திட்ட அட்டை வீட்டில் இருந்தது. குடும்பத்துக்கு வருடத்துக்கு ஐந்து லட்சம். ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்க வேண்டும். காது கேட்காமல் பிறக்கும் குழந்தைகளுக்கு, ஆறு வயதுக்குள் காக்ளியர் இம்ப்ளான்ட் பொருத்த இந்தத் திட்டம் கைகொடுக்கிறது. மதுரை அரசு ராஜாஜி மருத்துவமனையிலேயே அந்த அறுவை சிகிச்சை நடக்கிறது. பல லட்சம் ஆகும் சிகிச்சை அது. ஆனால், அது குழந்தைக்கான அறுவை சிகிச்சை. தாத்தாவுக்குத் தேவை அறுவை சிகிச்சை அல்ல.

அடுத்து, மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகம். அங்கே கருவி இலவசம், ஆனால் சான்று வேண்டும். 2016-ம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டப்படி, இரண்டு காதிலும் 60 முதல் 70 டெசிபல் வரை இழப்பு இருந்தால் 'கேட்கும் திறன் குறைந்தவர்', 70-க்கு மேல் இருந்தால் 'காது கேளாதவர்'. 54, 57 என்றால்? சில டெசிபலில் கதவு மூடியது. இதற்கு வருத்தப்படுவதா, சந்தோஷப்படுவதா என்று மகளுக்குத் தெரியவில்லை.

இன்னொன்றும் அவளை உறுத்தியது. இ.எஸ்.ஐ.-க்கான தொழில்சார் நோய்கள் பட்டியலில், இரைச்சலால் வரும் கேட்புத்திறன் இழப்பும் இருக்கிறது. ஆனால், அப்பா வேலை பார்த்த தறிக்கூடங்களில் ஐந்தாறு பேர்தான் இருப்பார்கள். பிடித்தமும் இல்லை, அட்டையும் இல்லை. 31 வருட இரைச்சலுக்கு எந்த ஏட்டிலும் பதிவில்லை.

கடைசியில் வழி சொன்னவர், ராஜாஜி மருத்துவமனையில் காது பரிசோதிக்க வந்திருந்த இன்னொரு பெரியவரின் மகன். "வயோஸ்ரீ முகாம்ல கேளுங்கக்கா. அதுக்கு வயசும் வருமானமும்தான் கணக்கு."

மத்திய அரசு 2017-ல் தொடங்கிய திட்டம் அது. 60 வயதைக் கடந்தவர், வறுமைக்கோட்டுக்குக் கீழே அல்லது மாத வருமானம் 15,000 ரூபாய்க்குள் இருப்பவர் என்றால், முதுமையில் வரும் குறைகளுக்கான கருவிகள் இலவசம். ஊன்றுகோல், சக்கர நாற்காலி, மூக்குக்கண்ணாடி வரிசையில் காது மெஷினும் உண்டு. முகாமில் பரிசோதித்துப் பெயரைப் பதிவுசெய்தார்கள். சில மாதங்கள் கழித்துக் கருவி வந்தது.

உங்கள் வீட்டுக்கு எந்தக் கவுன்ட்டர்?

மகள் அலைந்து தெரிந்துகொண்டதன் சுருக்கம் இது:

* தனியார் பாலிசி: 'விலக்குகள்' பக்கத்தை முதலில் படியுங்கள். சில குரூப் பாலிசிகளில், நிறுவனம் பேசி ஒரு வரம்புக்குள் காது மெஷினைச் சேர்த்திருக்கும். ஹெச்.ஆரிடம் எழுத்தில் கேளுங்கள்.
* இ.எஸ்.ஐ. பிடித்தம் உள்ளவர்: இ.எஸ்.ஐ. மருத்துவமனை வழியாகக் கேட்கலாம்.
* மத்திய அரசு ஓய்வூதியர்: சி.ஜி.எச்.எஸ்.-ல் கருவியின் வகைக்கேற்ற உச்சவரம்புக்குள் பணம் கிடைக்கும். இ.என்.டி. டாக்டரின் பரிந்துரை அவசியம்.
* 40 சதவிகிதச் சான்று உள்ளவர்: மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகம்.
* 60 வயதைக் கடந்த, வருமானம் குறைந்தவர்: வயோஸ்ரீ முகாம் எப்போது என்று கலெக்டர் அலுவலகத்தில் விசாரியுங்கள்.
* சொந்தக் காசில் வாங்குபவர்: காது மெஷினுக்கு ஜி.எஸ்.டி. கிடையாது. பில்லில் வரி போட்டிருந்தால் கேளுங்கள்.

பாலிசியில் விலக்கு இல்லாமலேயே க்ளெய்மை மறுத்தால், எந்த விதியின்படி என்று எழுத்தில் வாங்குங்கள். நிறுவனத்தின் குறைதீர் பிரிவிலும் தீரவில்லையென்றால், சென்னையில் உள்ள காப்பீட்டுக் குறைதீர்ப்பாளரிடம் ஒரு வருடத்துக்குள் புகார் செய்யலாம். கட்டணம் இல்லை. ஆனால், விலக்கு தெளிவாக எழுதியிருந்தால் அங்கே நிற்காமல் அடுத்த கவுன்ட்டருக்குப் போய்விடுவது நல்லது. மகள் முதல் கவுன்ட்டரில் தொலைத்தது இரண்டு மாதம்.

மெஷின் மாட்டிய முதல் வாரம் அப்பாவுக்கு எரிச்சல்தான். பாத்திரம் வைக்கும் சத்தம்கூட இடிபோல இருந்தது. கழற்றிக் கழற்றி டப்பாவில் வைத்தார். ராஜாஜி மருத்துவமனையில் ஆடியோலஜிஸ்ட் இரண்டு முறை சத்தத்தைக் கூட்டிக் குறைத்துக் கொடுத்தார். "கண்ணாடி மாதிரி இல்லைங்கய்யா, மூளை பழகணும். தினமும் போடுங்க" என்றார். கூட்டத்தில் இன்னும் சிரமம்தான். போன் பேசும்போது விசிலடிக்கிறது.

ஜூலையில் ஒரு திங்கட்கிழமை, யாரும் சொல்லாமலேயே சட்டையை மாட்டிக்கொண்டு பேத்தியின் பையைத் தோளில் போட்டார். இருவரும் தெருவில் இறங்கினார்கள். பின்னாலேயே மகளும் நடந்தாள்.

பழைய தறிக்கூடத்தைக் கடக்கும்போது அவர் நின்றுவிட்டார். ஜன்னல் வழியே தறிகள் அடித்துக்கொண்டிருந்தன. உள்ளே 20 வயதுப் பையன் ஒருவன், காதில் பஞ்சுகூட இல்லாமல் நாடா மாற்றிக்கொண்டிருந்தான்.

"இம்புட்டுச் சத்தத்துலயா நான் இருந்தேன்?" என்றார்.

சாயங்காலம் மெடிக்கல் ஷாப்பில் காதடைப்பான் வாங்கிக்கொண்டு அந்தப் பையனைப் பார்க்கப் போனார். பையன் சிரித்தானாம். "சிரிக்கட்டும்த்தா, நாளைக்கும் போவேன்" என்கிறார்.