தங்கம் தீர்ந்த ஊருக்கு ஒரு டிக்கெட்!

டாக்குமென்டரி எடுக்கணும்னு ஆசையா பாஸ்? பெங்களூருல மாரிக்குப்பம் போற ரயில் ஏறுங்க. சுமார் 100 கிலோமீட்டர்தான். பங்காருபேட்டையில கிளைப் பாதை பிரியும். அப்புறம் வர்ற உரிகம், சாம்பியன் ஸ்டேஷன் பேரெல்லாம் சுரங்கங்களோட பேர். ஆமா, கோலார் தங்கவயல்தான்! 2018-ல 'கே.ஜி.எஃப்' படத்துக்கு விசில் அடிச்சீங்களே, அதே ஊர். ஆனா, நிஜ ஊர்ல ராக்கி பாய் கிடையாது. வட ஆற்காடு பக்கமிருந்து பிழைக்கப் போன தமிழர்களோட பேரப்பிள்ளைங்கதான் இருக்காங்க.

1880-ல ஜான் டெய்லர் கம்பெனி இங்கே வேலையை ஆரம்பிச்சது. 1902-லயே சிவசமுத்திரத்துல இருந்து கரன்ட் வந்துடுச்சு. பெங்களூருக்கே 1905-லதான்! சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் மேல ஆழம். அந்த ஆழத்துப் பாறைச் சூட்டுல வெந்துதான் 800 டன்னுக்கு மேல தங்கம் எடுத்தாங்க. ஃபிசிக்ஸ் மாணவர்களுக்கு ஒரு போனஸ்: வளிமண்டல நியூட்ரினோவை 1965-ல கண்டுபிடிச்சதும் இந்தச் சுரங்கத்துக்குள்ளதான்.

2001 பிப்ரவரி 28. நஷ்டம்னு சொல்லி சுரங்கத்தை மூடினாங்க. பம்ப் நின்னது, உள்ளே தண்ணி ஏறிடுச்சு. இப்போ உங்க கண்ணுக்குத் தெரியறது சாம்பல் நிற சயனைடு மேடுகள். தங்கத்தைப் பிரிச்சபிறகு மிஞ்சின பாறைத் தூள் அது. காத்தடிச்சா வீட்டுக்குள்ள வரும். 'சூப்பர் லொகேஷன்'னு அங்கே செல்ஃபி எடுத்துட்டுத் திரும்பிடாதீங்க ப்ளீஸ்!

சீனாவுல வாங் பிங்னு ஒரு இயக்குநர். 1999-ல கையில ஒரு சின்ன டிஜிட்டல் கேமராவோட ஷென்யாங் நகரத்துத் தொழிற்பேட்டைக்குள்ள நுழைஞ்சார். ஒவ்வொண்ணா மூடப்பட்டுக்கிட்டிருந்த ஃபேக்டரிகள்ல, தொழிலாளிங்க சீட்டாடறது, குளிக்கறது, சம்பளத்துக்குக் காத்திருக்கறது எல்லாத்தையும் 2001 வரைக்கும் பொறுமையா பதிவு பண்ணார். 'வெஸ்ட் ஆஃப் த ட்ராக்ஸ்', 9 மணி நேரத்துக்கும் மேல ஓடுற படம். இடிஞ்ச கட்டடத்தை யார் வேணும்னாலும் எடுக்கலாம். அவர் எடுத்தது, அதுக்குள்ள இருந்த மனுஷங்களை.

அவருக்கு ஃபேக்டரி மூடும்போதே படம் எடுக்கற வாய்ப்பு கிடைச்சுது. உங்களுக்கு அது இல்லை. சுரங்கம் மூடினப்போ 40 வயசுல இருந்தவர் இப்போ 60 தாண்டிட்டார். கல்தூசி போன நுரையீரல் எத்தனை நாள் தாங்கும்? அவரோட பிள்ளைங்க விடிகாலை ரயில் பிடிச்சு பெங்களூருக்கு வேலைக்குப் போய், ராத்திரிதான் திரும்பறாங்க. வீட்டுல கதை கேட்க ஆள் இல்லை.

அதனால, ஷாஃப்ட் பக்கம் போகாதீங்க, ஆபத்து. லைன் வீட்டுத் திண்ணையில உட்காருங்க. "முதல் தடவை கூண்டுல ஏறி இறங்கினப்போ எப்படி இருந்துச்சு, தாத்தா?"னு கேளுங்க. பாட்டிகிட்ட, அவர் ஷிஃப்ட் முடிஞ்சு வர லேட்டானா என்ன பண்ணுவீங்கன்னு கேளுங்க. செல்போன் கேமரா போதும். நடுவுல பேசாதீங்க.

எடிட்டிங் முடிஞ்சதும் விருதுக்கு அனுப்பறதுக்கு முன்னாடி, அதே தெருவுல ஒரு வெள்ளை வேட்டியைக் கட்டி, படத்தைப் போட்டுக் காட்டுங்க. ஞாயித்துக்கிழமையா பார்த்து வைங்க. அன்னிக்குத்தான் பிள்ளைங்களும் வீட்டுல இருப்பாங்க!